இரும்பு லுங்கியில் நாற்பத்தோரு இழைகள்

கட்டியிருந்தது, காயப்போட்டிருந்தது, பெட்டிக்குள் பாச்சை உருண்டையோடு படுத்திருந்தது, தறியில் பாதி நெய்து நின்றது என்ற வித்தியாசமே பார்க்காமல் ஆலம்பேட்டையின் ஒவ்வொரு துணியிலிருந்தும் நாற்பத்தோரு இழை காணாமல் போன அந்த வைகாசி வெள்ளிக்கிழமையைப் பற்றிச் சொல்வதற்கு முன்னால், ஜெகதாம்பாள் தன் புருஷன் செய்த வேலையைப் பார்த்துக் குறை ஒன்றும் இல்லை என்று சொன்ன வியாழக்கிழமையைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். வெள்ளிக்கிழமை நடந்ததை எங்கள் ஊர்க்காரர்கள் உடனே நம்பிவிட்டார்கள். வியாழக்கிழமை நடந்ததைத்தான் இன்றுவரை சிலர் நம்ப மாட்டேன் என்கிறார்கள்.

ஜெகதாம்பாள் எங்கள் நெசவாளர் சங்கத்தில் துணி பார்ப்பவள். கண்ணாடி மேசை, அடியில் டியூப் லைட், மேலே லுங்கித் துணி ஓடும், அதன்மேல் அவளுடைய ஆள்காட்டி விரல் ஓடும், ஓர் இழை விட்டுப்போயிருந்தால் விரல் நிற்கும், விரல் நின்றால் துணி நெய்தவர் வீட்டுக்கே திரும்பும். இருபத்திரண்டு வருஷத்தில் அவள் கையைத் தாண்டிப் போன ஒரு பீஸ்கூடக் கப்பலேறித் திரும்பி வந்ததில்லை. சிக்கல் என்னவென்றால், அந்தக் கண்ணைச் சங்கத்திலேயே கழற்றி வைத்துவிட்டு வீட்டுக்கு வர அவளால் முடியவில்லை. கல்யாண வீட்டில் மணப்பெண்ணின் கூறைப்புடவை ஓரத்தைத் திருப்பி எண்ணுவாள். தேர்த்திருவிழாவில் ஊரே வடம் பிடித்து உருகிக்கொண்டிருக்கும்போது இடப்பக்கச் சக்கரம் அரை விரல் உள்வாங்கியிருக்கிறது என்பாள். மொட்டைமாடியில் நின்று நிலா இன்னும் முழுசாக ஆகவில்லை என்பாள், ஓடிப்போய்க் காலண்டரைப் பார்த்தால் பௌர்ணமி மறுநாள் என்றிருக்கும். அவள் சொன்னது ஒருநாளும் தப்பானதில்லை, அதனால் அவள்மேல் கோபப்படக்கூட யாருக்கும் வழியில்லாமல் இருந்தது.

அவளுக்கு வாய்த்த புருஷன் பொன்னுரங்கம் வெல்டிங் பட்டறை வைத்திருந்தார். ஊரில் பாதி வீட்டு கேட்டும் ஜன்னல் கிரில்லும் அவர் செய்தவை. கல்யாணமான புதிதில் தங்கள் வீட்டுக்கே ஒரு கேட் செய்து, மயிலும் கொடியும் வளைத்து, நாலு பேரைக் கூட்டித் தூக்கி நிறுத்திவிட்டு, பெண்டாட்டி வாசலுக்கு வரும்வரை மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார். அவள் வந்தாள், பார்த்தாள், "நல்லாத்தான் கீது, மூணாவது மயிலு மட்டும் கொஞ்சம் சாஞ்சிக்கினு கீது" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்ச் சோறு வடித்தாள். அவர் நூல் பிடித்து அளந்தார். சாய்ந்துதான் இருந்தது, ஒரு மயிரிழை. அன்றிலிருந்து இருபத்திரண்டு வருஷம் அவர் செய்த ஒவ்வொன்றையும் அவள் பார்த்தாள், ஒவ்வொன்றிலும் ஏதோ ஒன்று சாய்ந்திருந்தது, ஒவ்வொரு தடவையும் அவர் நூல் பிடித்தார். குடி கிடையாது, சண்டை கிடையாது, வேறு ஆசை கிடையாது. தன் கையால் செய்த ஏதாவது ஒன்றை அவள் பார்த்துக் குறை இல்லை என்று ஒருமுறை சொல்லிவிட வேண்டும், அதைக் கேட்டுவிட வேண்டும், அவ்வளவுதான் அந்த மனுஷனுக்கு வேண்டியிருந்தது.

இப்படி இருந்த ஊருக்குத்தான் பெலேமா வந்து சேர்ந்தாள். எங்கள் ஊர்க் கட்டம் போட்ட துணி மூன்று தலைமுறையாகக் கப்பலேறி ஆப்பிரிக்காவில் ஒரு பெரிய ஆறு கடலில் கலக்கிற இடத்துக்குப் போகிறது, அங்கே இருக்கிற தீவூர்க்காரர்கள் அதை உடுத்திக்கொள்ளாமல் குழந்தைக்குப் பெயர் வைப்பதில்லை, பெண்ணைக் கட்டிக்கொடுப்பதில்லை. பெலேமா அந்தத் தீவூர்க்காரி, சிற்பி. இரண்டு ஊருக்கும் நடுவில் இவ்வளவு துணி போயிருக்கிறதே, அதற்கு ஓர் அடையாளம் வேண்டாமா என்று கேட்டுக்கொண்டு வந்து, பஸ் ஸ்டாண்டு எதிரில் ஒருநாளும் தண்ணீர் வராத நீரூற்று இருந்த ரவுண்டானாவில் இருபத்தெட்டு அடி உயரத்துக்கு ஓர் இரும்புத் துணியை நிறுத்தினாள். நெடுக்கே ஓடும் பாவுக்கும் கம்பி, குறுக்கே ஓடும் ஊடைக்கும் கம்பி, ஒவ்வொன்றுக்கும் சிவப்பு, நீலம், கடுகு மஞ்சள் என்று வண்ணம் அடித்து, காற்றில் ஒரு முனை எழும்பின மாதிரி வளைத்து, சாட்சாத் எங்கள் ஊர் லுங்கி. நாலு மாதம் இங்கேயே லாட்ஜில் தங்கி, தறிக்குழியில் இறங்கி மிதி பழகி, கேழ்வரகுக் களி தின்று, "அக்கா", "போதும்", "இன்னும்" என்று மூன்று தமிழ்ச் சொற்களை வைத்துக்கொண்டே ஊரில் எல்லோரிடமும் பேசிவிட்டாள்.

திறப்பு விழாவில் திரை விழுந்ததும் ஊர் கைதட்டியது. பிறகு கைதட்டல் ஒவ்வொன்றாக நின்றது. கூட்டத்தில் ஆறு வயசிலிருந்து எண்பது வயசுவரை எல்லோருக்கும் நெசவுக் கண். இரும்புத் துணியில் அங்கங்கே இழை விட்டிருந்தது. எண்ணிப் பார்த்தார்கள், நாற்பத்தோரு இடம்.

பெலேமா மைக்கைப் பிடித்து அதைப் பற்றித்தான் பேசினாள், பள்ளிக்கூடத்தில் இங்கிலீஷ் எடுக்கிற ரோஸ்லின் டீச்சர் வரிக்கு வரி தமிழில் சொன்னார், ஒரு சொல் தவறவில்லை. எங்கள் தீவில் பெண்கள் உங்கள் துணியை வாங்கினதும் அப்படியே கட்டிக்கொள்வதில்லை, பிளேடால் ஓர் இழையைத் தூக்கி, அறுத்து, உருவி எடுப்பார்கள், பிறகு இன்னொன்று, இப்படி எடுத்துக்கொண்டே போனால் உங்கள் கட்டத்துக்குள்ளிருந்து எங்கள் கோலம் வெளியே வரும், என் அம்மா ஒரு துணிக்கு மூன்று மாதம் எடுத்துக்கொள்வாள், முழுத்துணி கடையில் யாருக்கும் கிடைக்கும், இழை எடுத்த துணிதான் எங்களுக்குச் சொத்து, அதைத்தான் இங்கே நிறுத்தியிருக்கிறேன் என்றாள். ஊர் முழுக்கக் கேட்டது, எல்லோருக்கும் புரிந்தது, ஒருத்தரும் நம்பவில்லை. காசு கொடுத்து வாங்கின நல்ல துணியைப் பிளேடால் அறுப்பார்களா? கம்பி வேலை செய்த வெளியூர்ப் பட்டறைக்காரன் நாற்பத்தோரு கம்பியை விட்டுவிட்டான், அவன் மானம் போகக் கூடாதென்று இந்தப் பெண் எவ்வளவு நாசூக்காகப் பேசுகிறது பார் என்று பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். இரண்டாவது தடவை கைதட்டல் முதல் தடவையைவிடப் பலமாக இருந்தது.

அவள் விமானம் ஏறினபிறகு ஊருக்கு வெட்கம் பிடித்துக்கொண்டது. துணி நெய்கிற ஊரின் வாசலில், வருகிற போகிற பஸ்ஸெல்லாம் பார்க்கிற மாதிரி, இருபத்தெட்டு அடிக்கு ஒரு கழித்துப்போட்ட துணி நிற்கிறது. ஜெகதாம்பாளுக்கு அது கண்ணில் விழுந்த தூசி. ஷேர் ஆட்டோவில் ரவுண்டானா வந்ததும் கண்ணை மூடிக்கொள்வாள், அப்புறம் ஆட்டோவை விட்டுவிட்டுச் சந்து வழியாக நடந்தே போனாள், கடைசியில் ஒரு திங்கட்கிழமை இட்லித் தட்டை வைத்துக்கொண்டே கேட்டாள்.

"ஏங்க, அந்த நாப்பத்தியொரு கம்பி... உங்களால ஆவுமா?"

இருபத்திரண்டு வருஷத்தில் அவரிடம் அவள் கேட்ட முதல் வேலை அது. பொன்னுரங்கம் இட்லியை அப்படியே வைத்துவிட்டு எழுந்தார். நகராட்சித் தலைவர் தாமோதரனிடம் அனுமதி கேட்டதற்கு, தான் எதையும் பார்க்கவில்லை, இந்தப் பேச்சே நடக்கவில்லை என்று சொல்லிவிட்டு நகராட்சிச் சாரக்கட்டையை இரவல் கொடுத்தார். திங்கள் சாயங்காலத்திலிருந்து வியாழன் சாயங்காலம்வரை பொன்னுரங்கம் ஏறினார், இறங்கினார், அளந்தார், பற்றவைத்தார், தேய்த்தார், வண்ணம் அடித்தார். வெல்டு வைத்த இடம் எது என்று அவருக்கே தெரியாத அளவுக்கு வேலை படிந்து வந்தது. வியாழக்கிழமை ஐந்து மணிக்கு ஜெகதாம்பாள் வந்து ரவுண்டானாவை மூன்று சுற்றுச் சுற்றினாள். ஆம்பூர் பஸ் டிரைவர் வண்டியை எடுக்காமல் இறங்கி வந்து பார்த்தார். அவள் கீழிருந்து மேல்வரை பார்த்தாள், வலமிருந்து இடம் பார்த்தாள், கண்ணைக் கசக்கிக்கொண்டு இன்னொரு முறை பார்த்தாள்.

"குறை ஒண்ணும் இல்ல."

பொன்னுரங்கம் நடுரோட்டிலேயே உட்கார்ந்துவிட்டார். ஆரன் அடிக்க யாருக்கும் மனசு வரவில்லை.

மறுநாள் விடிந்தபோது இழைகள் போய்விட்டிருந்தன.

முதலில் எல்லோரும் தங்கள் வீட்டில் மட்டும்தான் என்று நினைத்துக்கொண்டு மறைத்தார்கள். கரப்பான் என்றார்கள், எலி என்றார்கள், புது சோப்புத் தூள் என்றார்கள், மாமியார்கள் மருமகள்களைப் பார்த்தார்கள், மருமகள்கள் சலவை மெஷினைப் பார்த்தார்கள். எட்டு மணிக்குத் தெருவுக்கு வந்து பார்த்தால் எதிர்வீட்டுக்காரரும் இடுப்புக்கு முன்னால் செய்தித்தாளை விரித்துப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். ஒரு துணிக்கு நாற்பத்தோரு இழை, ஒரே இடத்தில், ஒரே கோலத்தில். லுங்கியில் ஜன்னல் வைத்தாற்போல் கட்டம் கட்டமாகக் காற்று வந்தது. காவல் நிலையத்தில் ஏட்டையாவின் காக்கிச் சட்டையில் முதுகு தெரிந்தது, வங்கி மேனேஜரின் டை சல்லடையானது, கட்சிக் கொடிகளில் இடைவெளி விழுந்ததும் இவன்தான் கிழித்தான் என்று அவனும் அவன்தான் கிழித்தான் என்று இவனும் மறியலுக்குக் கிளம்பி, பாதி வழியில் ஒருத்தர் வேட்டியை ஒருத்தர் பார்த்துவிட்டு, உட்கார்ந்தால் இன்னும் தெரியும் என்பதால் நின்றபடியே கலைந்தார்கள். கொசுவலையில் மட்டும் யாரும் வித்தியாசம் கவனிக்கவில்லை, கொசுக்கள் கவனித்தன.

வெளியூரிலிருந்து வந்து இறங்குகிறவர்களுக்குப் பத்து நிமிஷம் அவகாசம் இருந்தது. பஸ் ஸ்டாண்டைத் தாண்டி டீக்கடை வருவதற்குள் அவர்கள் துணியிலும் இழை கழன்றுவிடும். உறவினர்கள் வருவதை நிறுத்தினார்கள், இதில் ஊருக்கு நன்மையும் உண்டு என்று சிலர் சொன்னார்கள். இரண்டு நாளில் எல்லோரும் உள்ளே ஒன்று வெளியே ஒன்று என்று இரட்டையாக உடுத்திப் பார்த்தார்கள், இரண்டிலும் ஒரே இடத்தில் ஓட்டை என்பதால் பிரயோசனப்படவில்லை, பிறகு ஒன்றைத் தலைகீழாகக் கட்டினால் மறைகிறது என்று கண்டுபிடித்தார்கள். நாலாம் நாள் வெயில் கொளுத்தியபோது இந்தத் துணி ஒன்றும் மோசமில்லை என்ற பேச்சு வந்தது. ஆறாம் நாள் வேலூரிலிருந்து காலேஜ் பிள்ளைகள் கூட்டமாக வந்து ரவுண்டானாவில் பத்து நிமிஷம் நின்று சட்டையை ஜன்னலாக்கிக்கொண்டு, படம் எடுத்துக்கொண்டு போனார்கள். எட்டாம் நாள் டெய்லர்கள் இதற்குக் காத்தாடி மாடல் என்று பெயர் வைத்துவிட்டார்கள். எங்கள் ஊர் எதையும் ஒரு வாரத்துக்கு மேல் அதிசயமாக வைத்திருக்காது.

பழக முடியாதது ஒன்றே ஒன்றுதான். தறியிலிருந்து இறங்குகிற ஒவ்வொரு பீஸிலும் நாற்பத்தோரு இழை இல்லை. ஜெகதாம்பாளின் மேசையில் எதுவும் தேறவில்லை. ஒரு இழை விட்டாலே திருப்புகிறவள் நாற்பத்தொன்றை என்ன செய்வாள்? திருப்பினாள், திருப்பினாள், திருப்பிக்கொண்டே இருந்தாள், ஐந்நூறு தறியும் ஒவ்வொன்றாக நின்றது.

ஆனால் அவளுக்கு முதல் நாளே தெரியும். வெள்ளிக்கிழமை காலை முதல் பீஸை விளக்கு மேசையில் விரித்ததும் விரல் நின்றது, எண்ணினாள், நாற்பத்தொன்று, இடங்களைப் பார்த்தாள். இரும்புத் துணியில் எங்கெங்கே புதுக் கம்பி ஏறியதோ அங்கங்கே இங்கே இழை இறங்கியிருந்தது. சங்கச் செயலாளர் வந்து, "இன்னாம்மா ஆச்சு, ஏன் இப்படி?" என்று கேட்டபோது ஜெகதாம்பாள் வாழ்க்கையில் முதல்முறையாக ஒரு குறையை மறைத்தாள்.

"தெரியலீங்க" என்றாள்.

ஏன் மறைத்தாள் என்றால், அந்த வெள்ளிக்கிழமையிலிருந்து அவள் வீட்டில் வேறொரு ஆள் குடியிருந்தார். பொன்னுரங்கம் குளிக்கும்போது பாடினார். பட்டறைக்கு ஒரு நாற்காலி வாங்குவதாகச் சொல்லி வாங்கி, அதை ரவுண்டானா எதிரில் தாஜுதீன் பாய் டீக்கடையில் போட்டு, காலையும் சாயங்காலமும் உட்கார்ந்து தன் வேலையைத் தானே பார்த்தார். பஸ்ஸுக்கு நிற்கிற முன்பின் தெரியாத ஆட்களைக் கூப்பிட்டு, "தோ, அத்த நல்லா பாரு, குறை சொல்லு பாக்கலாம்" என்பார். அவருடைய லுங்கியிலும் நாற்பத்தோரு ஓட்டை இருந்தது, அவர் அதைக் கவனித்த மாதிரியே தெரியவில்லை. வீட்டுக்குத் திரும்புகையில் மல்லிகைப்பூ வாங்கி வந்தார், அதில் நாலு மொட்டு வாடியிருந்தது, ஜெகதாம்பாள் ஒன்றும் சொல்லாமல் தலையில் வைத்துக்கொண்டாள்.

பதினோராம் நாள் காலை ரோஸ்லின் டீச்சரின் போனில் பெலேமா வீடியோவில் வந்தாள். டீச்சர் டீக்கடையில் இருந்தார், அதனால் டீக்கடையில் இருந்த எல்லோரும் அவளைப் பார்த்தார்கள். அவளுக்குப் பின்னால் ஏழெட்டுப் பெரிய உருவமான அத்தைகள் ஆளுக்கொரு துணியைக் கொடி மாதிரி தூக்கிப் பிடித்துக்கொண்டு ஒரே நேரத்தில் பேசினார்கள். டீச்சர் காதைப் பொத்திக்கொண்டு கேட்டுவிட்டுச் சொன்னார்.

"அவங்க பெட்டியில வச்சிருந்த துணியெல்லாம் திடீர்னு மூடிக்கிச்சாம். மாசக்கணக்குல உக்காந்து உருவின இழையெல்லாம் திரும்ப வந்து, கடையில வாங்கின மாதிரி ஆயிடுச்சாம். பீஸுக்கு நாப்பத்தியொரு இழை. ஞாயித்துக்கிழமை அவங்க வீட்டுல கல்யாணமாம், பொண்ணுக்கு உடுத்த ஒரு நல்ல துணி இல்லியாம். பெரிய அத்தை கேக்கறாங்க, எந்தப் படுபாவி எங்க துணிய மறுபடி நெய்ஞ்சதுன்னு."

பெலேமா அன்று மேடையில் சொன்னது அத்தனையும் நிஜம் என்பது எங்கள் ஊருக்கு அப்போதுதான் உறைத்தது. அறுத்திருக்கிறார்கள், காசு கொடுத்து வாங்கி, வேண்டுமென்றே அறுத்திருக்கிறார்கள். தாஜுதீன் பாய் தன் லுங்கியைப் பார்த்தார், போனில் இருந்த துணியைப் பார்த்தார், ரவுண்டானாவைப் பார்த்தார். பிறகு எல்லோரும் சேர்ந்து நாற்காலியில் இருந்த பொன்னுரங்கத்தைப் பார்த்தார்கள்.

"முடியாது" என்றார் பொன்னுரங்கம், யாரும் எதுவும் கேட்பதற்குள்.

நகராட்சித் தலைவர் தாமோதரன் வந்து, தான் எதையும் பார்க்காததால் எதையும் உத்தரவிடவும் முடியாது, ஆனால் கும்பிட்டுக் கேட்டுக்கொள்கிறேன் என்றார். பொன்னுரங்கம் நாற்காலியின் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

"தலைவரே, என்னைய அறுக்கச் சொல்லு, அறுத்துப்பேன். அத்த மட்டும் சொல்லாத. இருவத்திரெண்டு வருசத்துல அவ வாயால குறையில்லன்னு வந்தது அது ஒண்ணுதான். அத்தயும் அறுத்துட்டா எனக்குன்னு இன்னா கீது?"

சரி, வேறு ஆளை வைத்து அறுக்கலாம் என்று பார்த்தால், ஊரில் இருந்த மற்ற நாலு வெல்டர்களும் ஜெகதாம்பாள் குறையில்லை என்று தேற்றிவிட்ட வேலையில் கை வைக்கும் துணிச்சல் தங்கள் வம்சத்துக்கே இல்லை என்றார்கள். கடைசியில் எல்லோருமாகச் சங்கத்துக்குப் போய் ஜெகதாம்பாளைக் கூட்டிக்கொண்டு வந்தார்கள். அவள் வந்து நாற்காலிக்கு எதிரில் நின்றாள்.

"எனக்கு மொத நாளே தெரியும்" என்றாள்.

ஊர் திகைத்தது. ஒரு குறை அவளுக்குத் தெரிந்து, அதை அவள் சொல்லாமல் பதினோரு நாள் வைத்திருந்தாள் என்பதைக் காணாமல் போன இழையைவிட எங்களால் நம்ப முடியவில்லை.

"தெரிஞ்சுமா சொல்லல?" என்று பொன்னுரங்கம் கேட்டார்.

"சொல்லியிருந்தா அன்னிக்கே அறுத்துப் போட்டிருப்பீங்க. நீங்க பாடிக்கினு குளிச்சீங்க, எனக்கு அது கேக்கணும் போல இருந்துச்சு." கொஞ்சம் நிறுத்தி, "ராகம்தான் சேரல" என்றாள், அவளாலும் எவ்வளவு நேரம்தான் தாங்க முடியும்.

பொன்னுரங்கம் எழுந்து பட்டறைக்குப் போய்க் கட்டிங் மெஷினை எடுத்துக்கொண்டு வந்தார்.

நகராட்சிச் சாரம் மறுபடி வந்து நின்றது, அவர் ஏறினார், பின்னாலேயே ஜெகதாம்பாளும் புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு ஏறினாள். அவள் ஏணியில்கூட ஏறி யாரும் பார்த்ததில்லை. அறுக்கிறதையும் பார்த்துத்தான் தேற்றுவேன், கீழே நின்று பார்த்தால் தெரியாது என்றாள். முதல் கம்பி அறுந்து ரவுண்டானாவில் விழுந்தது, ணங்கென்று. அதே நொடியில் கீழே நின்ற கூட்டத்தில் ஒவ்வொருத்தர் துணியிலும் ஓர் இழை வந்து உட்கார்ந்தது, யாரோ முதுகில் விரலால் கோடு இழுத்த மாதிரி இருந்ததாம், இன்னும் அணைக்காத போனில் அத்தைகள் கையில் இருந்த துணியில் ஓர் இழை நழுவிப் போனது, அத்தைகள் கூவினார்கள். பிறகு ஊரே எண்ண ஆரம்பித்தது. நாங்கள் தமிழில் எண்ணினோம், அத்தைகள் அவர்கள் பாஷையில் எண்ணினார்கள், மூன்று, நாலு, பத்து, பதினொன்று, ரோஸ்லின் டீச்சர் எதை மொழிபெயர்ப்பது என்று தெரியாமல் தானும் எண்ணினார், வேட்டிகள் மூடிக்கொண்டே வந்தன, ஏட்டையாவின் முதுகு மறைந்தது, மறியல்காரர்கள் கொடியைத் தூக்கி ஆட்டினார்கள். மேலே ஒவ்வொரு வெட்டுக்கும் ஜெகதாம்பாள், "பிசிறு கீது பாருங்க", "இது கொஞ்சம் சாஞ்சிருக்கு", "இன்னும் ஒட்ட வெட்டியிருக்கலாம்" என்று சொல்லிக்கொண்டே இருந்தாள், ஒரு கை சாரத்தையும் ஒரு கை அவர் தோளையும் பிடித்திருந்தது. நாற்பது வந்தது.

நாற்பதாவது கம்பி விழுந்ததும் பொன்னுரங்கம் மெஷினை அணைத்தார்.

"ஜெகதா, இந்த ஒண்ண மட்டும் வுட்டுடட்டுமா?"

கீழே முணுமுணுப்பு ஓடியது. ஒரு கம்பி நின்றால் ஊரில் ஒவ்வொரு துணிக்கும் ஓர் இழை இருக்காது, என்றைக்கும் இருக்காது. ஒரே ஓர் இழைதானே, யார் கண்ணுக்குத் தெரியப்போகிறது என்றார் தலைவர். தெரியும், ஊரிலேயே ஒருத்தி கண்ணுக்குத் தெரியும், இனிமேல் ஒவ்வொரு நாளும் ஒவ்வொரு பீஸிலும் அவள் விரல் அதில் போய் நிற்கும் என்று எல்லோருக்கும் தெரிந்ததால் வேறு யாரும் வாயைத் திறக்கவில்லை. டீச்சர் விஷயத்தைப் போனில் சொன்னார். அங்கே அத்தைகள் கூடிப் பேசினார்கள், பெரிய அத்தை அந்த ஆளைக் காட்டு என்றாள், டீச்சர் போனை மேலே திருப்பினார், கரி அப்பின முகத்தோடு, கையில் மெஷினோடு, பெண்டாட்டி வாயையே பார்த்துக்கொண்டு நின்றவரை அவள் கண்ணை இடுக்கிப் பார்த்தாள்.

"இவனுக்கா? சரி, வைத்துக்கொள்ளச் சொல்லு. எங்களுக்குப் பிளேடு இருக்கிறது" என்றாளாம்.

ஜெகதாம்பாள் அந்தக் கம்பியைப் பார்த்தாள். இடது கரையிலிருந்து ஏழாவது, நீலம். ஆள்காட்டி விரலை அதன்மேல் வைத்து மேலிருந்து கீழே எட்டும்வரை ஓட்டினாள். பிறகு அவர் தோளில் இருந்த துண்டை எடுத்து அவர் முகத்தைத் துடைத்தாள், ஊர் பார்க்கிறதே என்றுகூட நினைக்கவில்லை.

"இருக்கட்டும்" என்றாள். "இறங்குங்க, பசிக்கும்."

தறிகள் மறுநாளே ஓட ஆரம்பித்தன. தீவூரில் கல்யாணம் நல்லபடியாக நடந்தது. பெலேமா படம் அனுப்பினாள், கல்யாணப் பெண்ணின் துணியில் எங்கள் கட்டமும் அவர்கள் கோலமும் இருந்தன, அதைப் பார்த்துவிட்டு எங்கள் ஊரில் இரண்டு பேர் பிளேடு வாங்கிக்கொண்டு போனதாகவும் கேள்வி. நாலு மாதம் கழித்துச் சென்னையிலிருந்து ஏற்றுமதிக் கம்பெனி அதிகாரி ஒருத்தர் சரக்கு பார்க்க வந்தார். புது ஆள், கறாரான ஆள், பூதக்கண்ணாடி வைத்திருந்தார். ஜெகதாம்பாள் தேற்றி அடுக்கியிருந்ததில் ஒரு பீஸை உருவி, விளக்கு மேசையில் விரித்து, அங்குலம் அங்குலமாகப் பார்த்துக்கொண்டே வந்தவர் ஓரிடத்தில் நின்றார்.

"ஏம்மா, குறையே இல்லாத ஆளுன்னு உங்களைப் பத்தி அவ்வளவு சொன்னாங்க. இங்க ஏழாவதா ஓர் இழை இல்லையே?"

ஜெகதாம்பாள் தலையைத் தூக்காமல் அடுத்த பீஸை விரித்தாள்.

"தெரியும் சார். அது எங்க வூட்டுக்காரர்கிட்ட கீது" என்றாள். "மத்தத பாருங்க."